தேயிலை மலைகளின் இரவு வானம்

நிலவோ மேகமோ இல்லாத, மின்விளக்கின் ஒளி சிறிதும் எட்டாத ஓர் இரவில்கூட வானம் முழுக் கறுப்பாக இருப்பதில்லை. அத்தகைய வானத்துக்கு எதிரே கையை உயர்த்தினால் கை கரிய உருவமாகத் தெரியும். கையைவிட வானம் வெளிச்சமாக இருப்பதே அதற்குக் காரணம். அந்த அடிப்படை வெளிச்சம் எங்கிருந்து வருகிறது, அதன்மேல் மனிதர் சேர்க்கும் வெளிச்சம் எவ்வளவு, இரண்டும் கலந்த பின்னர் கண்ணுக்கு எஞ்சுவது எது என்ற கேள்விகள் இலங்கையின் மத்திய மலைநாட்டில் தனிக் கனம் பெறுகின்றன. நுவரெலியா மாவட்டத்தின் தேயிலைத் தோட்டங்கள் பெரும்பாலும் 1,000 மீற்றருக்கும் 2,000 மீற்றருக்கும் இடைப்பட்ட உயரத்தில், ஏறத்தாழ 7 பாகை வட அகலாங்கில், கொழும்பிலிருந்து நேர்கோட்டில் 80 முதல் 100 கிலோமீற்றர் தொலைவில் அமைந்துள்ளன. உயரமும் அகலாங்கும் தொலைவும் வானத்தைக் காண்பதற்குத் துணைநிற்கின்றன. மழையும் மூடுபனியும் குறுக்கே நிற்கின்றன. ஆனால் இந்த வானத்தின் தரத்தை இனித் தீர்மானிக்கப்போவது இவற்றில் எதுவுமன்று, தொலைவிலுள்ள தலைநகரும் அன்று; தோட்டத்துக்கு அருகிலேயே, சில கிலோமீற்றருக்குள் எரியும் விளக்குகளே என்பதை இக்கட்டுரை காட்ட முற்படுகிறது.

இயற்கையான இரவொளியில் பெரும்பங்கு விண்மீன்களுடையது என்றே பொதுவாக எண்ணப்படுகிறது. உண்மையில், பால்வீதியிலிருந்து விலகிய வானப்பகுதிகளில் முதலிடம் பூமியின் காற்றுக்கே உரியது. பகலில் சூரியனின் புறஊதாக் கதிர்கள் மேல் வளிமண்டலத்து ஒட்சிசன் மூலக்கூறுகளைப் பிளக்கின்றன. பிளவுண்ட அணுக்கள் இரவில் மீண்டும் இணையும்போது, பகலில் பெற்ற ஆற்றலை மங்கலான ஒளியாக வெளியிடுகின்றன. இதுவே வளிமண்டல ஒளிர்வு எனப்படுகிறது. தரையிலிருந்து 90 முதல் 100 கிலோமீற்றர் உயரத்தில் ஒட்சிசன் அணுக்கள் 557.7 நனோமீற்றர் அலைநீளமுடைய பச்சை ஒளியையும், 250 கிலோமீற்றர் அளவில் 630 நனோமீற்றர் அலைநீளமுடைய சிவப்பு ஒளியையும், 90 கிலோமீற்றர் அளவில் சோடியம் அணுக்கள் மஞ்சள் ஒளியையும் தருகின்றன. துருவ ஒளி தோன்றாத இரவுகளிலும் வானமெங்கும் அந்தப் பச்சை ஒளி பரவியிருப்பதைச் சுவீடன் நாட்டு இயற்பியலாளர் ஆங்ஸ்ட்ரோம் 1868ஆம் ஆண்டில் நிறமாலைகாட்டியின் துணையுடன் கண்டறிந்தார். வெறும் கண்ணுக்கு அந்நிறங்கள் புலப்படுவதில்லை; நிறமறியும் கூம்புக் கலங்கள் இயங்குவதற்கு அவ்வளவு மங்கலான ஒளி போதாது. திருநெல்வேலிக்கு அருகில் கிருஷ்ணாபுரத்தில் இந்தியப் புவிகாந்தவியல் நிறுவனம் நடத்தும் ஆய்வுக்கூடம், காந்த நடுக்கோட்டையொட்டிய தென்னிந்திய வானில் இவ்வொளிர்வைத் தொடர்ந்து பதிவுசெய்து வருகிறது. மலைநாட்டின் வானமும் ஏறத்தாழ அதே காந்த வலயத்தைச் சேர்ந்ததே.

இந்த ஒளிர்வு ஆண்டுக்கு ஆண்டு மாறுவது. சூரியப் புள்ளிகளின் 11 ஆண்டுச் சுழற்சியில் சூரியன் உச்சநிலையை அடையும்போது இதுவும் கூடுகிறது. 2019 டிசம்பரில் தொடங்கிய சுழற்சி 2024ஆம் ஆண்டளவில் உச்சத்தை எட்டியதால், அவ்வாண்டின் வானம் 2019ஆம் ஆண்டு வானத்தைவிட இயல்பிலேயே சற்று வெளிச்சமானதாக இருந்தது. ஆகவே, இரு வேறு ஆண்டுகளில் எடுத்த அளவீடுகளை ஒப்பிடுவோர், கூடிய வெளிச்சம் அனைத்தையும் மின்விளக்கின் கணக்கில் எழுதிவிடலாகாது.

அடுத்த பங்கு இராசிமண்டல ஒளியினுடையது. சூரிய மண்டலத்தின் கோள்கள் சுற்றும் தளத்தில் மிதக்கும் நுண்தூசு, சூரிய ஒளியைச் சிதறடிப்பதால் தோன்றும் வெண்மையான ஒளிக்கூம்பு இது. மாலை அந்தி மறைந்தபின் மேற்கிலும், விடியலின் முதல் வெளுப்புக்கு முன் கிழக்கிலும் அடிவானத்திலிருந்து மேலெழும். சூரியன் செல்லும் பாதையாகிய கிராந்திவீதி, அடிவானத்தை எவ்வளவு செங்குத்தாக வெட்டுகிறதோ அவ்வளவு தெளிவாக இக்கூம்பு தெரியும். இலண்டனில் அக்கோணம் சில மாதங்களில் 15 பாகை வரை சரிந்துவிடுவதால் ஒளிக்கூம்பு அடிவானப் புகாரில் மூழ்கிவிடுகிறது. நுவரெலியாவிலோ ஆண்டின் எந்த மாதத்திலும் அது 59 பாகைக்குக் குறைவதில்லை. ஐரோப்பிய நூல்களில் அரிய காட்சியாகப் பேசப்படும் இவ்வொளி, மலைநாட்டில் வானம் திறந்த எந்த நிலவற்ற இரவிலும் காணத்தக்க ஒன்று. ஆயினும் மாலைக் கூம்பு கொழும்பு இருக்கும் மேற்குத் திசையிலும், விடியற் கூம்பு ஊவா மலைகளுக்கும் கிழக்குக் கரைக்கும் மேலேயும் எழுவதால், இரண்டில் விடியற் கூம்புக்கே இருண்ட பின்னணி வாய்க்கிறது.

மூன்றாவதாகவே விண்மீன்கள் வருகின்றன. அவற்றின் ஒளியை அளக்கும் முறையில் தமிழ்நாட்டுக்கும் ஒரு பங்கு உண்டு. கண்ணுக்குத் தெரியும் விண்மீன்களை முதல் தரம் முதல் ஆறாம் தரம் வரை பிரித்த பழைய கிரேக்க வகைப்பாட்டுக்கு, ஐந்து தர வேறுபாடு சரியாக 100 மடங்கு ஒளி வேறுபாடு என்ற கணித வரையறையை 1856இல் முன்வைத்தவர் நோர்மன் பொக்சன். அவரே 1861இல் சென்னை வானாய்வுக்கூடத்துக்குத் தலைமையேற்று வந்து, அதே ஆண்டில் அங்கிருந்து ஏசியா என்ற சிறுகோளைக் கண்டுபிடித்து, 1891இல் மறையும் வரை அப்பணியில் இருந்தார். அவருடைய உதவியாளர் சிந்தாமணி ரகுநாதாச்சாரி 1867இல் தென்வானின் வலை மண்டலத்தில் ஓர் ஒளிமாறு விண்மீனைக் கண்டறிந்தார். சென்னையில் அடிவானத்துக்கு மேல் 14 பாகையே எழும் அந்த மண்டலம், நுவரெலியாவில் 20 பாகை வரை உயர்கிறது.

இந்தத் தர அளவுகோலின்படி எண் கூடக் கூட ஒளி குறையும். ஒரு சதுர விகலை, அதாவது ஒரு பாகையின் 3,600இல் ஒரு பங்கைப் பக்கமாகக் கொண்ட சிறு சதுரம், எத்தனையாம் தர விண்மீனுக்கு ஈடான ஒளியைத் தருகிறது என்று கூறுவதே வானத்தின் வெளிச்சத்தை அளக்கும் முறை. மனித ஒளி கலவாத நிலவற்ற வானத்தில் இது ஏறத்தாழ 22ஆம் தரமாக இருக்கும்; பெருநகர வானில் 18ஐயும் தாண்டி 17 வரை இறங்கிவிடும். விண்மீன் மங்குவதில்லை, அதன் பின்னணிதான் வெளுக்கிறது. அத்தகைய வெளுத்த பின்னணியில் மூன்றாம் தரத்துக்குக் கீழ்ப்பட்ட விண்மீன்கள் கண்ணுக்குத் தப்பிவிடுவதால், நகரவாசி ஒரே நேரத்தில் காணக்கூடியவை நூறைக்கூட எட்டுவதில்லை. இருண்ட வானிலோ ஆறரைத் தரம் வரை முழு வானில் ஏறத்தாழ 9,000 விண்மீன்கள் உண்டு. அடிவானத்துக்கு மேலுள்ள பாதியில், தாழ்வான பகுதியில் காற்று விழுங்கிவிடுவது போக, சில ஆயிரங்கள் எஞ்சும். விண்மீன்களைவிட விரைவாக மறைவது பால்வீதி. அது பரந்து மங்கிய ஒளி என்பதால் பின்னணி சிறிது வெளுத்தாலும் கரைந்துவிடும். உலகின் செயற்கை இரவொளியைக் கணித்து 2016இல் வெளியான உலக வரைபடத்தின்படி, மனிதகுலத்தில் மூன்றில் ஒரு பங்கினருக்கு மேற்பட்டோர் தம் வாழிடத்திலிருந்து பால்வீதியைக் காணமுடியாதவர்களாகிவிட்டனர்.

மலைநாட்டின் உயரம் இங்கு உதவிக்கு வருகிறது. 1,868 மீற்றர் உயரத்திலுள்ள நுவரெலியாவில் நிற்பவரின் தலைக்கு மேல் இருப்பது, கடல்மட்டத்தில் நிற்பவருக்கு மேலுள்ள காற்றில் ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கே. அதைவிட முக்கியமானது, தூசு, புகை, கடலுப்புத் துகள் ஆகியவற்றின் பெரும்பகுதி கீழ்மட்டக் காற்றிலேயே தங்கிவிடுவது. ஒளியை விழுங்குவதும், நகர வெளிச்சத்தைத் திருப்பிச் சிதறடிப்பதும் இத்துகள்களே.

உயரம் தருவதைப் பருவக்காற்று பறித்துக்கொள்கிறது. மே முதல் செப்டெம்பர் வரை தென்மேற்குப் பருவக்காற்று கினிகத்தேனை, வட்டவளை, ஹட்டன், மஸ்கெலியா வழியாக ஏறி வரும்போது மேற்குச் சரிவுகள் வாரக்கணக்கில் மேகத்துக்குள் மூழ்கிக் கிடக்கும். பால்வீதியின் மையப்பகுதி மாலை வேளையில் உயர்ந்து நிற்பதும் அதே மாதங்களில்தான். மழையை மேற்கில் இறக்கிவிட்டு மலைமுதுகைக் கடக்கும் காற்று, கிழக்கே பண்டாரவளைப் பக்கம் உலர்ந்து இறங்குவதால், அக்காலத்தில் வானம் காண விரும்புவோர் நானுஓயாவில் காத்திருப்பதைவிட இரயில் ஏறி ஊவாவுக்குச் செல்வதே பயன் தரும். டிசம்பரில் நிலைமை தலைகீழாகும். வடகிழக்குப் பருவக்காற்று கிழக்குச் சரிவுகளை நனைக்கும். ஜனவரி பிற்பகுதி முதல் மார்ச் வரையான வறண்ட வாரங்களே ஹட்டன், நுவரெலியாப் பகுதிகளுக்குத் தெளிந்த இரவுகளைத் தருகின்றன.

அத்தெளிவின் அடையாளத்தைத் தோட்டத் தொழிலாளர் மறுநாட் காலையில் செடியிலேயே காண்பதுண்டு. மேகம் இல்லாத இரவில் நிலம் தன் வெப்பத்தை அகச்சிவப்புக் கதிர்களாக நேரே விண்வெளிக்கு இழக்கிறது. மேகம் இருந்தால் அவ்வெப்பத்தில் ஒரு பகுதியை அது திருப்பி அனுப்பும். காற்று அசையாத ஜனவரி, பெப்ரவரி இரவுகளில் நுவரெலியாவைச் சூழ்ந்த பள்ளங்களில் குளிர்காற்று தேங்கி, தரைமட்டத்தில் வெப்பநிலை சுழியத்தைத் தொடும்போது உறைபனி படிகிறது; வெயில் ஏறியதும் கொழுந்து கருகிப் பழுப்பு நிறமாகிறது. தோட்டக் கணக்கில் இழப்பாகப் பதிவாகும் அந்த இரவுதான் வானியல் கணக்கில் ஆண்டின் மிகச் சிறந்த இரவுகளில் ஒன்று.

7 பாகை வட அகலாங்கு என்பது வேறொரு வளம். தென் வானமுனையைச் சுற்றிய 7 பாகை ஆரமுடைய சிறு வட்டம் ஒன்றைத் தவிர, வானக்கோளம் முழுவதும், அதாவது 99.6 சதவீதம், ஆண்டுக்குள் இங்கு அடிவானத்துக்கு மேல் எழுந்துவிடுகிறது. வடக்கே துருவ விண்மீன் 7 பாகை உயரத்தில் இருப்பதால் பெரும்பாலான பள்ளத்தாக்குகளில் மலைமுதுகுக்குப் பின்னால் மறைந்திருக்கும். தெற்கேயோ அகத்தியர் என வழங்கும் கனோப்பசு 30 பாகை உயரும். பெப்ரவரி நடுப்பகுதியில் இரவு ஒன்பது மணியளவில் அதைத் தெற்கிலும், அதற்கு மேலே இன்னும் ஒளிமிக்க சிரியசை வெகு உயரத்திலும் காணலாம். அதே மாதத்தில் அதிகாலை நான்கரை மணிக்கு, பிரட்டு எனும் காலை ஆள்சேர்ப்புக்குப் போகுமுன் லயத்து (வரிசைவீட்டு) இஸ்தோப்பில் நின்று தெற்கே பார்ப்பவருக்கு, மலை மறைக்காவிடில், தென்சிலுவை சற்றே மேற்குச் சாய்ந்தும், அதன் இடப்பக்கம் ஆல்பா, பீட்டா செந்தோரி இணை 20 பாகைக்குச் சற்று மேலும் தெரியும். சூரியனுக்கு மிக அண்மையான விண்மீன் தொகுதி ஆல்பா செந்தோரியே. அதன் தொலைவு 4 ஒளியாண்டுக்குச் சற்று அதிகம். தென்கிழக்கில், கேட்டை எனப்படும் செந்நிற விண்மீனுக்குக் கீழே, பால்வீதியின் மையம் அதன் கரிய தூசுப் பிளவுகளுடன் அவ்வேளையில் ஏறி நிற்கும்.

வெறும் கண்ணுக்கு எட்டும் மிகத் தொலைவான பொருள்களும் இங்கிருந்து இருபுறமும் கிடைக்கின்றன. 25 இலட்சம் ஒளியாண்டுக்கு அப்பாலுள்ள அந்திரோமேடா விண்மீன்திரள் வடக்கே 56 பாகை வரை உயர்கிறது. தெற்கே, 1,60,000 ஒளியாண்டுத் தொலைவிலுள்ள பெரிய மகெல்லன் முகில் 13 பாகையே எழுவதால், அதற்கு இருளோடு திறந்த அடிவானமும் வேண்டும். ஹப்புத்தளையின் தென்முகமும் ஹோர்ட்டன் சமவெளியின் உலக முடிவுச் செங்குத்தும் அவ்வாறான அடிவானம் உடையவை. அங்கிருந்து தெற்கே நிலம் தாழ்ந்து கடலாகிறது. கடலுக்கு அப்பால் அந்தாட்டிக்கா வரை பெருநிலம் ஏதுமில்லை. தென்வானின் அடிப்பகுதியை எந்தப் பெருநகரமும் வெளுக்கச் செய்யாத இத்தகைய அமைப்பு, தமிழ்நாட்டின் காவலூரில் வானியலாளர் வேணு பாப்பு நிறுவிய வானாய்வுக்கூடத்துக்குக்கூட இல்லை. இலங்கையின் மிகப்பெரிய ஒளியியல் தொலைநோக்கியான 45 சென்ரிமீற்றர் கருவியோ, மொரட்டுவையில் உள்ள ஆதர் சி. கிளார்க் நிறுவனத்தில் தலைநகர வெளிச்சத்தின் நடுவே நிற்கிறது.

இனி மனிதர் சேர்க்கும் ஒளிக்கு வரலாம். விளக்கிலிருந்து மேலெழும் ஒளி காற்று மூலக்கூறுகளிலும் துகள்களிலும் பட்டுச் சிதறி, அதில் ஒரு பகுதி கீழே திரும்பி வருவதே வான வெளுப்பு. அமெரிக்க வானியலாளர் மேர்ல் வாக்கர் 1970களில் பல நகரங்களை அளந்து வகுத்த விதியின்படி, இவ்வெளுப்பு நகரத்தின் மக்கள்தொகைக்கு ஏற்பக் கூடுகிறது. தொலைவு இரட்டித்தால் ஐந்து மடங்குக்கு மேல் குறைகிறது. தொலைவு பத்து மடங்கானால் முந்நூறு மடங்குக்கு மேல் குறையும். எனவே 100 கிலோமீற்றருக்கு அப்பால் 60 இலட்சம் பேர் வாழும் மாநகரமும், 10 கிலோமீற்றர் தொலைவில் 20,000 பேர் வாழும் சிறு நகரமும் ஏறத்தாழ ஒரே அளவு வெளுப்பைத் தருகின்றன. தலைக்குத் தலை விளக்கொளி நாட்டுக்கு நாடு வேறுபடுவதால் இவ்விதியின் எண்களை அப்படியே இலங்கைக்குப் பொருத்த இயலாது. ஆனால் தொலைவோடு ஒளி தேயும் விகிதம் ஏறத்தாழ எங்கும் பொதுவானது. இதனுடன் மலைகளின் மறைப்பையும் சேர்த்து எண்ணினால், லிந்துலையிலோ அக்கரப்பத்தனையிலோ பள்ளத்தாக்கில் வாழ்பவருக்குக் கொழும்பின் ஒளி மேற்கு மலைமுதுகின் மேல் ஒரு மங்கிய வெளுப்பாகவே எஞ்சும். தலவாக்கலை நகரத்து விளக்கும், எதிர்ச்சரிவுத் தொழிற்சாலையின் விளக்கும், சந்தியிலுள்ள கோவில் கோபுரத்தின் மேல்நோக்கிய விளக்கும் அதைவிட வலியவை.

விளக்கின் நிறத்துக்கும் பங்கு உண்டு. காற்று மூலக்கூறுகள் குறுகிய அலைநீள ஒளியை மிகுதியாகச் சிதறடிப்பதால், வெள்ளை எல்.ஈ.டி. விளக்கின் நீலப் பகுதி பழைய சோடியம் விளக்கின் மஞ்சள் ஒளியைப்போல ஏறத்தாழ மூன்று மடங்கு சிதறுகிறது. இருளுக்குப் பழகிய கண்ணும் நீலத்தையே கூடுதலாக உணரும். செய்மதிகளில் பயன்படும் இரவொளிக் கருவியோ அந்த நீலப் பகுதியைப் பதிவுசெய்வதில்லை. சோடியம் விளக்குகளை எல்.ஈ.டி.க்கு மாற்றிய ஊர், செய்மதிப் படத்தில் இருண்டதுபோல் தோன்றி, தரையில் நிற்பவருக்கு வெளுத்திருக்கக்கூடும். இதைக் காட்டியது சாதாரண மக்களின் கண்களே. 2011 முதல் 2022 வரை உலகெங்குமிருந்து தன்னார்வலர்கள் அனுப்பிய 50,000க்கு மேற்பட்ட வெறுங்கண் அவதானிப்புகளைத் தொகுத்து 2023இல் வெளிவந்த ஆய்வு, வானத்தின் வெளிச்சம் ஆண்டுக்குச் சராசரியாக 9.6 சதவீதம் கூடிவருவதாகக் கண்டது. அவ்வேகத்தில் எட்டு ஆண்டுகளுக்குள் வெளுப்பு இரட்டிக்கும். ஆனால் அவ்வவதானிப்புகளில் பெரும்பாலானவை ஐரோப்பாவையும் வட அமெரிக்காவையும் சேர்ந்தவை. மலையகம் போன்ற பகுதிகளின் வானம் அத்தகைய கணக்குகளில் இன்னும் உரிய இடம் பெறவில்லை.

மலைநாட்டில் மின்விளக்கின் வரலாறு நீதி சார்ந்த ஒரு வரலாறும் ஆகும். நுவரெலியா நகருக்கு நானுஓயாப் பக்கமுள்ள பிளாக்பூலில் ஒரு சிறு நீர்மின் நிலையத்தைப் பொறியியலாளர் டி. ஜே. விமலசுரேந்திர 1912இல் அமைத்தார். அவர் கனவுகண்ட லக்சபான நீர்மின் திட்டம் 1950இல் இயங்கத் தொடங்கியது. பின்னர் காசல்ரீ, மவுசாகலை நீர்த்தேக்கங்கள் தேயிலைச் சரிவுகளுக்கு நடுவே நிரம்பின. அந்நீர் தந்த மின்சாரம் உயர்கோபுரக் கம்பிகளில் லயங்களுக்கு மேலாகவே கொழும்புக்குச் சென்றது. துரை பங்களாவும் தொழிற்சாலையும் மின்னொளியில் இருக்க, லயன் காம்பராக்களில் குப்பிவிளக்கே பல பத்தாண்டுகள் எரிந்தது. தோட்ட மக்கள் வாழ்ந்த அந்த இருளை வானியலின் பெயரால் போற்றுவது தகாது. கழிவறை வீட்டுக்கு வெளியே இருக்கும் லயத்தில், பாம்பும் சிறுத்தையும் நடமாடும் தேயிலைப் புதரையொட்டி நடக்க வேண்டிய பெண்ணுக்கும் முதியவருக்கும் விளக்கு ஓர் அடிப்படை உரிமை.

இதனாலேயே 2022 மார்ச் 31ஐ வானியல் ஆய்வுக்கான நல்வாய்ப்பாக மட்டும் எடுத்துக்கொள்ள இயலாது. பொருளாதார நெருக்கடியில் அன்று நாட்டில் 13 மணிநேர மின்வெட்டு அறிவிக்கப்பட்டது. வீதிவிளக்குகளை அணைக்கவும் அரசு பணித்தது. மறுநாள் அமாவாசை. நிலவும் மின்விளக்கும் ஒருங்கே இல்லாத இரவு பல ஊர்களுக்கு வாய்த்தது. அந்த இருள் மக்கள் பட்ட துன்பத்தின் விலையில் வந்தது.

விளக்கும் வானமும் பகையாக இருக்க வேண்டியதில்லை என்பதை மலைநாட்டின் இரு காட்சிகள் உணர்த்துகின்றன. ஒன்று தொழிற்சாலை. மாலையில் மடுவத்தில் நிறுத்து வாங்கிய கொழுந்து, மேல்மாடியில் நீண்ட தட்டுகளில் பரப்பப்பட்டு இரவு முழுவதும் வாடும். விடியுமுன் உருளைகளுக்குப் போகும். வரிசை வரிசையான சாளரங்களுக்குப் பின்னால் வேலைக்குத் தேவையான ஒளி இரவெல்லாம் எரிந்தாலும், அதன்மேல் கூரை இருப்பதால் வானுக்கு நேரே போவது சிறிதே. வானை வெளுக்கச் செய்வது முற்றத்தில் கவிகை (மேல்மூடி) இன்றிப் பக்கவாட்டில் வீசும் வெள்ளைப் பேரொளி விளக்கே. மற்றொன்று சிவனொளிபாதமலை. டிசம்பர்ப் பௌர்ணமியில் தொடங்கி வெசாக் பௌர்ணமியில் முடியும் யாத்திரைக் காலத்தில், நல்லதண்ணியிலிருந்து 2,243 மீற்றர் உயரச் சிகரம் வரை படிக்கட்டெங்கும் விளக்குகள் எரியும். மற்ற மாதங்களில் அவை அணைந்திருக்கும். தேவைப்படும் காலத்தில் தேவைப்படும் இடத்தில் மட்டும் ஒளி என்ற ஒழுங்கு மலைநாட்டில் புதிதன்று. யாத்திரிகர் பெருங்கூட்டமாக ஏறும் போயா இரவுகளில் முழுநிலவு வானத்தைப் பல பத்து மடங்கு வெளுக்கச் செய்துவிடுவதால், வானமும் காண விரும்புவோர் தேய்பிறையின் கடைசி வாரத்தைத் தேர்வதே நல்லது. அரைநிலவின் ஒளி முழுநிலவின் ஒளியில் பாதியன்று, ஏறத்தாழ பத்தில் ஒரு பங்கே என்பதும் நாள் குறிக்கும்போது நினைவில் கொள்ளத்தக்கது.

மூடுபனி இவ்விடயத்தில் நடைமுறைப் பயன் ஒன்றையும் முன்வைக்கிறது. பனித்துளிகள் எல்லா நிறங்களையும் ஒரே அளவில் சிதறடிப்பவை. கவிகை இல்லாத விளக்கைப் பனி சூழும்போது அதைச் சுற்றி வெண்திரை எழுந்து, விளக்கடியில் நடப்பவரின் கண்ணைக் கூசச் செய்து, அவர் காண வேண்டிய படியையும் வடிகானையும் மறைத்துவிடும். நேரே கீழ்நோக்கி மூடிய விளக்கோ, குறைந்த மின்சாரத்தில் தரையைக் காட்டும். கண் இருளுக்கு முழுமையாகப் பழக இருபது முதல் முப்பது நிமிடங்கள் ஆகும். கூசும் விளக்கு ஒன்றைக் கடந்த நொடியில் அப்பழக்கம் போய்விடுவதால், விளக்கு வட்டத்துக்கு வெளியே நிற்கும் சிறுத்தையோ பள்ளமோ புலப்படாது. வானத்தைக் காக்கும் விளக்கும் நடப்பவரைக் காக்கும் விளக்கும் மலைநாட்டில் ஒன்றே.

இதைச் செய்வதற்கான காலமும் இதுவே. 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டத்தின் 33ஆம் பிரிவு 2018இல் திருத்தப்படும் வரை, தோட்டங்களுக்குள் சபை நிதியைச் செலவிடச் சட்டமே தடையாக இருந்தது. இப்போதுதான் தோட்டப் பாதைகளிலும் லயங்களின் முன்னும் புதிய தனிவீட்டுக் குடியிருப்புகளிலும் சபைகளின் விளக்குகள் நிற்கத் தொடங்கியுள்ளன. பிற நாடுகளின் நகரங்கள் பழைய விளக்குகளைக் கழற்றி மாற்றப் பெருஞ்செலவு செய்யும்போது, மலையகம் முதல் விளக்கையே சரியாகப் பொருத்த முடியும். நோர்வூட், மஸ்கெலியா, கொட்டகலை, அக்கரப்பத்தனை, நுவரெலியா ஆகிய சபைகள் தம் அடுத்த கொள்வனவில் மூன்று நிபந்தனைகளை எழுதினால் போதும்: விளக்கின் ஒளி கிடைக்கோட்டுக்கு மேல் செல்லலாகாது, அதன் நிறம் 3,000 கெல்வினுக்கு மேற்படாத இளமஞ்சளாக இருக்க வேண்டும், நள்ளிரவுக்குப் பின் ஒளியைக் குறைக்கும் வசதி வேண்டும். தோட்டப் பாடசாலைகளின் விஞ்ஞான ஆசிரியர்கள், பெப்ரவரி, மார்ச் மாதங்களின் அமாவாசையை ஒட்டிய மாலைகளில் மாணவரைக் கொண்டு கார்த்திகைக் கூட்டத்தில் எத்தனை விண்மீன்கள் தெரிகின்றன என எண்ணச் செய்து, இடம், நாள், நேரம் ஆகியவற்றுடன் ஆண்டுதோறும் ஒரே ஏட்டில் பதிந்துவர வேண்டும். அதற்குக் கருவியோ செலவோ தேவையில்லை.